ஒளிப்பதிவாளரின் பாணி என்றால் என்ன? கு சாங்வேயின் படங்களை வைத்து ஓர் எளிய விளக்கம்

"கதை சுமார், ஆனா கேமரா பிரமாதம்." ஒரு படம் பார்த்துவிட்டு வெளியே வரும்போது இதைச் சொல்லாதவர்கள் குறைவு. கேமராவில் அப்படி என்ன பிரமாதம் என்று கேட்டால், மலையும் மேகமும் அழகாக இருந்தன என்பார்கள், கலர் கண்ணைப் பறித்தது என்பார்கள், ஒவ்வொரு ஃபிரேமும் ஓவியம் மாதிரி இருந்தது என்பார்கள். மலை ஏற்கெனவே அங்கே இருந்தது. கலரில் பாதி, கலை இயக்குநரும் ஆடை வடிவமைத்தவரும் கொண்டுவந்தது. ஓவியம் மாதிரி என்பது நல்ல பாராட்டுதான், ஆனால் ஒளிப்பதிவாளர் அந்த இடத்தில் நின்று என்ன முடிவெடுத்தார் என்பதைப் பற்றி அது எதுவும் சொல்வதில்லை.

சீனப் படங்களைப் பற்றிப் பேசும்போது இந்தக் குழப்பம் இன்னும் கூடுகிறது. ஜாங் யிமோ என்றால் சிவப்பு, சென் கைகே என்றால் பிரம்மாண்டம் என்று இயக்குநர் பெயரிலேயே எல்லாவற்றையும் எழுதிவிடுகிறோம். அந்தப் புகழ்பெற்ற படங்களில் பலவற்றை எடுத்தவர் ஒரே ஒளிப்பதிவாளர் என்பது பலருக்குத் தெரியாது. அவர் பெயர் கு சாங்வேய். ஒளிப்பதிவாளரின் 'பாணி' என்கிறோமே, அது எங்கே இருக்கிறது, எப்படி உண்டாகிறது என்று புரிந்துகொள்ள இவருடைய படங்களை விட நல்ல பாடம் எனக்குத் தெரியவில்லை. ஏனென்றால், இவர் எடுத்த எந்த இரண்டு படமும் பார்க்க ஒன்றுபோல் இருக்காது.

யார் இவர்?

கு சாங்வேய் 1957இல் சியான் நகரில் பிறந்தவர். சீனாவில் கலாச்சாரப் புரட்சி (மாவோ காலத்தில், 1966 முதல் 1976வரை நடந்த அரசியல் களையெடுப்பு) நடந்த ஆண்டுகளில் பெய்ஜிங் திரைப்படக் கல்லூரி மாணவர்களைச் சேர்க்கவில்லை. 1978இல் மீண்டும் திறந்தபோது சேர்ந்தவர்கள் 1982இல் படித்து முடித்தார்கள். இவர்களைத்தான் திரைப்பட வரலாற்றில் 'ஐந்தாம் தலைமுறை' என்கிறார்கள். அந்த ஆண்டு ஒளிப்பதிவுத் துறையில் மட்டும் கு சாங்வேய், ஜாங் யிமோ, ஹோ யோங், லூ யுவே, ஜாவ் ஃபெய் எல்லாரும் ஒன்றாகப் படித்தார்கள். இயக்கம் படித்தவர்களில் சென் கைகே இருந்தார்.

ஆமாம், ஜாங் யிமோ படித்தது இயக்கம் இல்லை, ஒளிப்பதிவு. சென் கைகே இயக்கிய 'யெல்லோ எர்த்' படத்துக்கு 1984இல் அவர்தான் கேமரா. பிறகு அவர் தன் முதல் படத்தை இயக்கும்போது, கேமராவைத் தன் வகுப்புத் தோழரான கு சாங்வேயிடம் கொடுத்தார். அந்தப் படம் 'ரெட் சோர்கம்'. 1988 பெர்லின் திரைப்பட விழாவில் அது தங்கக் கரடி விருது வாங்கியது.

'ரெட் சோர்கம்' எடுத்த அதே 1987இல் கு சாங்வேய் எடுத்த இன்னொரு படம், சென் கைகேயின் 'கிங் ஆஃப் த சில்ட்ரன்'. இரண்டையும் தயாரித்தது சியான் ஸ்டுடியோதான். 'ரெட் சோர்கம்' படத்தில் கேமரா பல்லக்கோடு சேர்ந்து குலுங்குகிறது, வியர்வை தெரியும் அளவுக்கு முகத்தை நெருங்குகிறது. மற்றொன்றில் மூடுபனி சூழ்ந்த மலைப் பள்ளிக்கூடத்தைத் தள்ளி நின்று, அசையாமல், வெகுநேரம் பார்த்துக்கொண்டிருக்கிறது. ஒரே ஆளின் பாணி என்று இதில் எதைச் சொல்வது? அதைச் சொல்ல முதலில் சில அடிப்படைகள் தெரிய வேண்டும்.

எக்ஸ்போஷர்: ஜன்னலுக்கு முன்னால் ஒரு முகம்

பகல் நேரத்தில் ஜன்னலுக்கு முன்னால் ஒருவரை நிற்கவைத்து கைபேசியில் படம் எடுத்துப் பாருங்கள். ஜன்னலுக்கு வெளியே மரமும் தெருவும் தெளிவாகத் தெரிந்தால், ஆளின் முகம் கருத்துப்போகும். இப்போது திரையில் அந்த முகத்தைத் தொடுங்கள். முகம் தெளிவாகும், ஜன்னல் வெறும் வெள்ளையாகிவிடும்.

கேமராவுக்குள் விழும் ஒளியின் மொத்த அளவைத்தான் எக்ஸ்போஷர் என்கிறோம். லென்ஸின் துவாரம் எவ்வளவு திறந்திருக்கிறது, எவ்வளவு நேரம் ஒளி விழுகிறது என்ற இரண்டும் அதைத் தீர்மானிக்கின்றன. இந்த அளவை ஒளிப்பதிவாளர்கள் 'ஸ்டாப்' என்ற கணக்கில் பேசுவார்கள். ஒரு ஸ்டாப் கூட்டினால் ஒளி 2 மடங்கு, இரண்டு ஸ்டாப் கூட்டினால் 4 மடங்கு, மூன்று கூட்டினால் 8 மடங்கு. நம் கண் தானாகச் சமாளித்துக்கொள்ளும் வெளிச்ச வித்தியாசத்தை ஃபிலிமால் அந்த அளவுக்குச் சமாளிக்க முடியாது. அதனால் எதைக் காப்பாற்றுவது, எதை வெள்ளையாகவோ கறுப்பாகவோ விட்டுவிடுவது என்று ஒருவர் தீர்மானித்தே ஆக வேண்டும். கைபேசியில் அந்த முடிவை மென்பொருள் எடுக்கிறது. சினிமாவில் ஒளிப்பதிவாளர் எடுக்கிறார்.

'ரெட் சோர்கம்' படத்தின் சோளக்காட்டுக் காட்சியை இந்த அறிவோடு பாருங்கள். ஆளுயரத்துக்கு மேல் வளர்ந்த சோளத் தட்டைகள் காற்றில் அலைகின்றன, அவற்றுக்குப் பின்னாலிருந்து வெயில் வருகிறது. பொருளுக்குப் பின்னாலிருந்து கேமராவை நோக்கி வரும் ஒளிக்கு 'பேக்லைட்' என்று பெயர். முன்னால் இருந்து வெளிச்சம் விழுந்திருந்தால் ஒவ்வொரு இலையும் சாதாரணப் பச்சையாகத் தெரிந்திருக்கும். பின்னாலிருந்து வருவதால் ஒளி இலைக்குள் புகுந்து வெளியே வருகிறது, இலை ஜொலிக்கிறது. அந்த வெளிச்சத்தை அடக்காமல், சில இடங்கள் வெளுத்துப்போனாலும் பரவாயில்லை என்று விட்டிருக்கிறார் கு சாங்வேய். பார்க்கும் நமக்குக் கண் கூசுகிறது. கோங் லி நடித்த அந்தப் பெண்ணின் வாழ்க்கை அங்கேதான் தலைகீழாக மாறுகிறது. வயல் எங்கும் சமமாக, பளிச்சென்று தெரிந்திருந்தால் அது நல்ல விவசாயப் படமாக இருந்திருக்கும், அவ்வளவுதான்.

ஒளி எங்கிருந்து வருகிறது?

அடுத்த கேள்வி இது. நாடக மேடையிலோ தொலைக்காட்சித் தொடரிலோ வெளிச்சம் எல்லாப் பக்கமிருந்தும் வரும், யார் முகமும் இருட்டில் இருக்கக் கூடாது என்பதே அங்கே நோக்கம். சினிமாவில் நல்ல ஒளிப்பதிவாளர்கள் முதலில் தங்களையே கேட்டுக்கொள்வது, இந்த அறையில் வெளிச்சம் வருவதற்கு என்ன காரணம் இருக்கிறது என்பதுதான். ஜன்னலா, விளக்கா, கதவிடுக்கா? அந்தக் காரணத்தை முடிவு செய்துவிட்டு, வைக்கும் விளக்குகள் எல்லாம் அந்தத் திசையிலிருந்தே வருவதுபோல் அமைப்பதற்கு 'சோர்ஸ் லைட்டிங்' என்று பெயர்.

1990இல் ஜாங் யிமோ இயக்கிய 'ஜூ டோ' படத்தை கு சாங்வேயும் யாங் லுன்னும் சேர்ந்து எடுத்தார்கள். அன்ஹுய் மாகாணத்தில் நான்பிங் என்ற பழைய கிராமத்தில் படப்பிடிப்பு. அந்தப் பகுதி வீடுகளுக்கு வெளிச்சுவர் உயரமாக இருக்கும், தெருப்பக்கம் ஜன்னல் மிகக் குறைவு, நடுவில் வானம் பார்த்த ஒரு சிறு முற்றம். முற்றம் வைத்த வீட்டில் இருந்தவர்களுக்கு இது சட்டென்று புரியும். உச்சி வெயிலில் முற்றம் பளிச்சென்று இருக்கும், சுற்றியுள்ள அறைகள் மங்கிக் கிடக்கும்.

கதை நடப்பது ஒரு சாயப்பட்டறையில். கொடுமைக்காரக் கிழவன் ஒருவனுக்குக் கட்டிவைக்கப்பட்ட இளம்பெண், அங்கேயே வேலை செய்யும் அவன் உறவுக்காரன், இவர்களுக்குள் உண்டாகும் காதல். அந்த வீட்டுக்குள் வெளிச்சம் மேலிருந்துதான் வருகிறது என்ற ஒரே உண்மையைப் பிடித்துக்கொண்டு கேமரா வேலை செய்கிறது. உயரத்திலிருந்து தொங்கும் சாயத் துணிகள் மேலே பிரகாசமாக, கீழே வரவர மங்கலாகத் தெரிகின்றன. மனிதர்கள் கீழே நடமாடுகிறார்கள். வீட்டுக்கு வெளியே போக வழியில்லை என்பதை யாரும் வசனத்தில் சொல்லத் தேவையே இல்லை.

இன்னொன்றும் நடக்கிறது. வெளிச்சம் ஒரு நிறத் துணியில் பட்டுத் திரும்பினால் அந்த நிறத்தையும் கொஞ்சம் கூட்டிக்கொண்டு வரும். சிவப்புச் சுவருக்கு அருகில் வெள்ளைச் சட்டை போட்டு நின்றால் சட்டையில் இளஞ்சிவப்பு ஏறுவதைப் பார்த்திருப்பீர்கள். எனவே துணியின் நிறத்தைத் தேர்ந்தெடுப்பது கலை இயக்குநர் என்றாலும், அந்த நிறம் நடிகரின் கன்னத்தில் எவ்வளவு ஏற வேண்டும் என்பது ஒளிப்பதிவாளர் கையில் இருக்கிறது.

இதுவரை பார்த்ததை இப்படிச் சேர்த்துக்கொள்ளலாம். எவ்வளவு ஒளி என்பது ஒரு முடிவு, எங்கிருந்து வருகிறது என்பது இன்னொரு முடிவு. இந்த இரண்டுக்கும் பிறகுதான் கலர் என்ற பேச்சே வருகிறது.

கலர் கம்ப்யூட்டரில் வந்ததா?

இப்போது படம் எடுத்த பிறகு நிறத்தை கம்ப்யூட்டரில் மாற்றுவது சாதாரண வேலை. திரையுலகில் இதை டிஐ என்பார்கள். வானத்தை மட்டும் நீலமாக்கலாம், ஒரு முகத்தை மட்டும் பிரகாசமாக்கலாம். இந்த வசதி பரவலானது 2000க்குப் பிறகுதான். கு சாங்வேயின் முக்கியமான படங்கள் எல்லாம் அதற்கு முந்தியவை. அப்போது படச்சுருளைக் கழுவி அச்சிடும் லேபில் செய்ய முடிந்தது, ஒரு ஷாட்டை முழுவதுமாகக் கொஞ்சம் சிவப்பாகவோ நீலமாகவோ, வெளிச்சமாகவோ இருட்டாகவோ ஆக்குவது மட்டுமே. ஃபிரேமின் ஒரு மூலையை மட்டும் மாற்ற முடியாது. ஆகவே இந்தப் படங்களில் நாம் காணும் நிறம் கேமராவுக்கு முன்னால் இருந்தாக வேண்டும்.

'ஜூ டோ'வின் நிறங்களுக்கு இன்னொரு காரணமும் உண்டு. மேற்கு நாடுகள் 1970களிலேயே கைவிட்டுவிட்ட டெக்னிகலர் சாய அச்சு முறை, அதன் இயந்திரங்களை வாங்கிய பெய்ஜிங் லேபில் 1990களின் தொடக்கம்வரை புழக்கத்தில் இருந்தது. துணியில் அச்சுக்கட்டையால் ஒவ்வொரு நிறமாக ஒற்றி எடுப்பதுபோல, இந்த முறையில் மூன்று நிறச் சாயங்களைத் தனித்தனியாகப் படச்சுருளில் ஒற்றுவார்கள். நிறம் அடர்த்தியாக நிற்கும், எளிதில் மங்காது. துணிக்குச் சாயம் ஏற்றுகிறவர்களைப் பற்றிய படம், சாயம் ஏற்றியே அச்சாகியிருக்கிறது. இதை நினைக்கும்போதெல்லாம் எனக்கு மகிழ்ச்சியாக இருக்கும்.

ஐம்பது ஆண்டுகள், ஒரு படம்

1993இல் வந்த சென் கைகேயின் 'ஃபேர்வெல் மை கான்குபைன்', கான் விழாவில் தங்கப்பனை விருதை 'த பியானோ' படத்தோடு பகிர்ந்துகொண்டது. சிறந்த ஒளிப்பதிவுக்கான ஆஸ்கருக்கு கு சாங்வேய் பரிந்துரைக்கப்பட்டதும் இந்தப் படத்துக்காகத்தான். விருது 'ஷிண்ட்லர்ஸ் லிஸ்ட்' படத்துக்குப் போனது.

பாட்டும் நடிப்பும் சேர்ந்த சீன மேடைக் கலையான பெய்ஜிங் ஓபராவின் நடிகர்கள் இருவரின் வாழ்க்கை, 1924 முதல் 1977வரை. இத்தனை நீளமான காலத்தைக் காட்டும் படங்களில் பெரும்பாலும் ஆடையும் தெருவும்தான் மாறும். இங்கே வெளிச்சமும் மாறுகிறது. சிறுவர்கள் அடிவாங்கி வளரும் பயிற்சிப் பள்ளிப் பகுதியில் நிறம் வடிந்துபோய் பழுப்பும் சாம்பலுமாக இருக்கிறது. அவர்கள் வளர்ந்து மேடையேறியதும் ஓபரா ஒப்பனையின் சிவப்பும் பொன்னும் கொட்டுகின்றன. நிறம் என்றாலே மேடைதான் என்று நம் கண் பழகிவிடுகிறது. அப்புறம் மேடை பறிபோகும்போது நிறமும் போகிறது. அந்த இழப்பு நமக்கும் உறைக்கிறது.

இந்தப் படத்தில் இன்னொரு விஷயத்தையும் கவனியுங்கள். பல முக்கியமான இடங்களில் கேமரா மனிதர்களை நேராகப் பார்ப்பதில்லை, எதன் ஊடாகவோ பார்க்கிறது. அபின் பழக்கத்தில் சிதைந்துகொண்டிருக்கும் நடிகனை மீன்தொட்டியின் கண்ணாடி வழியாகவும் மெல்லிய திரைச்சீலை வழியாகவும் காட்டுகிறார்கள். கலாச்சாரப் புரட்சியில் எல்லார் முன்னாலும் மண்டியிடவைத்து ஒருவரையொருவர் காட்டிக்கொடுக்கச் சொல்லும் காட்சியில், எரியும் நெருப்புக்கு இந்தப் பக்கம் கேமரா இருக்கிறது. சூடான காற்று ஒளியை வளைக்கும், அதனால் தீக்கு அந்தப் பக்கம் இருக்கும் முகம் நெளியும். அதற்கு எந்தத் தந்திரமும் வேண்டியதில்லை. கேமராவை எங்கே வைப்பது என்று தெரிந்தால் போதும். நாற்பது ஆண்டு நட்பு உடையும் நேரத்தில் முகங்களே உருகுவதுபோல் தெரிகின்றன. நான் பார்த்த படங்களில், ஒளிப்பதிவு ஒரு காட்சியின் பொருளை இவ்வளவு முழுமையாகச் சுமந்த இடங்கள் மிகக் குறைவு.

நிறத்திலிருந்து கறுப்பு வெள்ளைக்கு, கறுப்பு வெள்ளையிலிருந்து நிறத்துக்கு

நடிகர் ஜியாங் வென் இயக்கிய முதல் இரண்டு படங்களுக்கும் கு சாங்வேய்தான் ஒளிப்பதிவு. இரண்டையும் அடுத்தடுத்துப் பார்ப்பது நல்லது.

முதலாவது, 1994இல் வந்த 'இன் த ஹீட் ஆஃப் த சன்'. 1970களின் பெய்ஜிங், பெரியவர்கள் அருகில் இல்லாத விடலைப் பையன்கள், ஒரு முடிவில்லாத கோடை. பொன் நிற வெயில் தோலில், கூரை ஓடுகளில், வியர்வையில் எல்லாம் வழிகிறது. வளர்ந்த பிறகு இந்தக் கதையைச் சொல்லும் குரல், தன் நினைவை நம்ப முடியாது என்று தானே ஒப்புக்கொள்கிறது. ஒரு சண்டைக் காட்சியைப் பாதியில் நிறுத்தி, இப்படி நடக்கவே இல்லை என்கிறது. அப்படியானால் அந்தப் பொன் வெயில்? அது பெய்ஜிங்கின் வெயில் என்பதை விட, அவன் நினைவில் படிந்த வெயில். கொஞ்சம் கூடுதலான எக்ஸ்போஷர், கொஞ்சம் அதிகமான மஞ்சள், எல்லாமே நிஜத்தை விட ஒரு படி அழகு. கடைசியில் கதை நிகழ்காலத்துக்கு வருகிறது, பையன்கள் வளர்ந்து காரில் போகிறார்கள். அங்கே படம் கறுப்பு வெள்ளை. வழக்கமாகப் பழைய நினைவைத்தான் கறுப்பு வெள்ளையில் காட்டுவார்கள், இங்கே அது புரட்டிப்போடப்பட்டிருக்கிறது.

இரண்டாவது, 2000இல் வந்த 'டெவில்ஸ் ஆன் த டோர்ஸ்டெப்'. கான் விழாவில் கிராண்ட் பிரி வாங்கியது. ஜப்பானிய ஆக்கிரமிப்பின் கடைசிக் கட்டம். ஒரு கிராமத்தானின் வீட்டில் நள்ளிரவில் இரண்டு சாக்குகளைப் போட்டுவிட்டுப் போகிறார்கள், உள்ளே ஒரு ஜப்பானிய வீரனும் ஒரு மொழிபெயர்ப்பாளனும். படம் கிட்டத்தட்ட முழுவதும் கறுப்பு வெள்ளை.

கறுப்பு வெள்ளை என்றால் நிறத்தை எடுத்துவிடுவது, எளிது என்று நினைப்பவர்கள் உண்டு. உண்மையில் அது கடினம். ஒரே அளவு பிரகாசம் உள்ள சிவப்பும் பச்சையும் கறுப்பு வெள்ளையில் ஒரே சாம்பலாகிவிடும். ஆளையும் சுவரையும் பிரித்துக் காட்ட நிறம் உதவாது, வெளிச்ச வித்தியாசம் ஒன்றுதான் வழி. இருட்டான பகுதிக்கும் பிரகாசமான பகுதிக்கும் உள்ள அந்த வித்தியாசத்தை 'கான்ட்ராஸ்ட்' என்கிறோம். சிறு விளக்கு வெளிச்சத்தில் நெருக்கியடித்து உட்கார்ந்து வாதிடும் கிராமத்தார் முகங்களை இந்தப் படத்தில் பாருங்கள். ஒவ்வொரு முகத்துக்கும் இருட்டு வேறு அளவு. கடைசி நொடிகளில் படத்துக்கு நிறம் வருகிறது. எப்படி, ஏன் என்று சொல்லிக் கெடுக்க மாட்டேன்.

சரி, இரண்டையும் சேர்த்துப் பார்த்தால் தெரிவது இதுதான். நிறத்துக்கென்று நிலையான பொருள் கிடையாது. ஒரு படம் தொடக்கத்திலிருந்து நம் கண்ணை எதற்குப் பழக்குகிறதோ, அதை உடைக்கும் இடத்தில்தான் நிறமோ நிறமின்மையோ பேசுகிறது.

அப்படியானால் பாணி எங்கே?

ஒரே மாதிரித் தோற்றத்தைப் படத்துக்குப் படம் கொண்டுவருவதுதான் பாணி என்று வைத்துக்கொண்டால், கு சாங்வேய்க்குப் பாணி இல்லை என்றுதான் சொல்ல வேண்டும். ஆனால் அவர் முடிவெடுக்கும் விதத்தைப் பார்த்தால் சில பழக்கங்கள் விடாமல் தொடர்கின்றன என்று எனக்குப் படுகிறது. ஒளிக்கு அந்த இடத்திலேயே ஒரு காரணம் இருக்கும்: முற்றம், வெயில், விளக்கு, நெருப்பு. வெளுத்துப்போவதற்கும் இருண்டுபோவதற்கும் அவர் பயப்படுவதில்லை. அப்புறம் அந்த 'ஊடாகப் பார்க்கும்' பழக்கம். சோள இலை, சாயத்துணி, மீன்தொட்டி, தீ. நமக்கும் பாத்திரத்துக்கும் நடுவே ஒளியை மாற்றும் ஏதோ ஒன்று இருந்துகொண்டே இருக்கிறது.

இதில் எவ்வளவு இயக்குநருடையது, எவ்வளவு ஒளிப்பதிவாளருடையது என்று கிலோக் கணக்கில் பிரிக்க முடியாது, பிரிக்க வேண்டியதும் இல்லை. ஆனால் ஜாங் யிமோ, சென் கைகே, ஜியாங் வென் என்று மூன்று வேறுவேறு இயக்குநர்களின் படங்களிலும் ஒரே பழக்கம் தெரிந்தால், அதற்குப் பொதுவாக நின்ற ஆளைக் கொஞ்சம் கவனிப்பதுதான் நியாயம். எந்த ஒளிப்பதிவாளரின் பாணியையும் இப்படித்தான் தேட வேண்டும். வெவ்வேறு இயக்குநர்களுக்காக அவர் எடுத்த படங்களைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்து, எது மாறவில்லை என்று பார்க்க வேண்டும்.

பிறகு என்ன செய்தார்? எதில் தொடங்குவது?

இடையில் அமெரிக்காவிலும் வேலை செய்தார். ராபர்ட் ஆல்ட்மனுக்காக 'த ஜிஞ்சர்பிரெட் மேன்', வேறு இயக்குநர்களுக்காக 'ஹர்லிபர்லி', பிறகு 2000இல் 'ஆட்டம் இன் நியூயார்க்'. சீனாவில் செய்ததோடு ஒப்பிட்டால் இவை என்னை அவ்வளவாகக் கவரவில்லை. 2005இல் 'பீகாக்' படத்தின் மூலம் இயக்குநரானார். பெர்லினில் அதற்கு நடுவர் குழுவின் வெள்ளிக் கரடி கிடைத்தது. தான் இயக்கும்போது கேமராவை இன்னொருவரிடம் கொடுத்துவிட்டார் என்பது கவனிக்க வேண்டிய விஷயம். ஒருகாலத்தில் ஜாங் யிமோ அவருக்குச் செய்ததும் அதுதான்.

புதிதாகப் பார்ப்பவர்கள் 'ஃபேர்வெல் மை கான்குபைன்' படத்தில் தொடங்கலாம். 171 நிமிட முழுப் பதிப்பு 4கே தரத்தில் புதுப்பிக்கப்பட்டு 2023இல் வெளிவந்தது, அதைத் தேடிப் பாருங்கள். அமெரிக்காவில் முதலில் வெளியானது வெட்டிச் சுருக்கிய பதிப்பு. அடுத்து 'இன் த ஹீட் ஆஃப் த சன்', அதன்பின் 'ஜூ டோ'. இணையத்தில் கிடைக்கும் மட்டமான பிரதிகளில் 'ஜூ டோ'வைப் பார்க்காமல் இருப்பது நல்லது. இருட்டான பகுதிகள் கறுப்புக் கட்டங்களாக உடைந்துவிடும், சாயத்துணிகளின் நிறமும் வெளிறியிருக்கும். நல்ல பிரதி கிடைத்ததும், அறை விளக்கை அணைத்துவிட்டு, கைபேசியில் வேண்டாம், கொஞ்சம் பெரிய திரையில் பாருங்கள். ஏதாவது ஒரு காட்சியை நிறுத்தி, இந்த வெளிச்சம் எங்கிருந்து வருகிறது என்று தேடுங்கள். பெரும்பாலும் பதில் அந்த ஃபிரேமுக்குள்ளேயே இருக்கும்.